இடப்பக்கம் பாருங்கள்

குக்கர் கடைக் குலுக்கலில் எனக்கு விழுந்தது
ஓர் ஆளுக்கு மட்டுமான ஒருநாள் சுற்றுலா.
காலையில் ரயில், சூலூர்ப்பேட்டையில் ஏசி பஸ்,
சாப்பாடு உண்டு, தண்ணி பாட்டில் ஒன்று.
கொருக்குப்பேட்டையிலேயே ஏறிக்கிறேனே என்றேன்.
சென்ட்ரலில்தான் தலை எண்ணுவோம் என்றார்கள்.
ஆகவே
வீட்டைத் தாண்டிப் போவதற்காக
வீட்டிலிருந்து எதிர்த்திசையில்
ஷேர் ஆட்டோ பிடித்தேன், அஞ்சரை மணிக்கு.

ஹெரால்டு கையில் மஞ்சள் கொடி,
காலரில் ஒரு குட்டி மைக்.
நாற்பத்திரண்டு பேரில் நான் பதினேழு.
'மீஞ்சூர் தாண்டட்டும், ஆரம்பிக்கிறேன்.
அதுவரைக்கும் பாக்க ஒண்ணும் இல்ல'
என்று இட்லிப் பொட்டலம் பிரித்தான்.

பேசின் பிரிட்ஜ். கறுத்த கால்வாய்.
எண்ணெய் வேகன்கள், அவற்றின்மேல் காக்கைகள்.
எண்ணூர் கேன்டீனுக்குப் பதினெட்டு வருஷமாய்
ரயிலில் போகிறவள்தான்.
ஆனால் என் வீடு ஸ்டேஷனுக்குத் தெற்கே.
ரயில் அதைக் கடக்கும்போது
ஒருநாளும் நான் உள்ளே இருந்ததில்லை.

இடப்பக்கம்
பச்சைச் சுவர், மூன்றாம் மாடி,
என் நைட்டி, திலீபனின் கம்பெனிச் சட்டை,
மொட்டைமாடி டேங்க்கின் கழுத்திலிருந்து
வெயில் பட்டு ஜொலித்தபடி
விழுந்துகொண்டிருக்கிறது ஓர் அருவி.

அய்யோ. மோட்டார்.

பக்கத்து சீட்டு அண்ணாநகர் அம்மா
'என்ன, ஊசி குத்தினமாதிரி துள்றீங்க' என்றாள்.
மகனுக்கு அடித்தேன். எடுக்கவில்லை.
நைட் ஷிப்ட் முடிந்தால் அவன் பிணம்.
எண்ணூர் முகத்துவாரத்தின்மேல் பாலம் தடதடக்க
மறுபடி அடித்தேன். புகைபோக்கிகள் பின்னே போயின.
மீஞ்சூர் வந்தது. மைக் கரகரத்தது.

பொன்னேரியில் நாற்றுப் பச்சை என்றான்.
எனக்குத் தெரிந்தது மாடிப்படியில் இறங்கும் தண்ணீர்.
ஆரம்பாக்கம் தாண்டி ஆந்திரா என்றான்.
எனக்கு, கீழ்வீட்டு மஸ்தான்பீயின் வாய்.
பஸ்ஸுக்குள் ஐஸ் மாதிரி குளிர்;
கழுத்து மட்டும் வேர்த்தது.
ஏரிக்கு நடுவே போகிற ரோட்டில் நிறுத்தி
'வலப்பக்கம் பாருங்க, பூநாரைகள்' என்று
கொடியை ஆட்டினான் ஹெரால்டு.
எல்லோரும் ஓடினார்கள்.
நான் ஓரமாய் நின்று மஸ்தான்பீக்கு அடித்தேன்.

'ஏழு பத்துக்கே ஆஃப் பண்ணிட்டேன்டி.
கரண்டு பில்லு ஒனக்கு, பாவம் எனக்கா?
அத விடு, அங்க என்ன இருக்கு?'

அப்போதுதான் நிமிர்ந்தேன்.
முழங்கால் ஆழத் தண்ணீரில்
தலையைக் கவிழ்த்து எதையோ தேடிக்கொண்டு
ஆயிரமோ ரெண்டாயிரமோ,
வெளிறிய ரோஸில்,
பலமுறை துவைத்த பாவாடை நிறத்தில்.
ஒன்று றெக்கை விரித்தது,
உள்ளே அப்படியொரு சிவப்பு.
'இருக்கு' என்றேன். அதற்குமேல் சொல்ல வரவில்லை.
போனை அந்தப் பக்கம் நீட்டினேன்.
'காத்துதான் கேக்குது' என்றாள் மஸ்தான்பீ,
ஆனாலும் வைக்கவில்லை.

சாப்பாட்டில் பாயசம் தீய்ந்திருந்தது.
பஸ்ஸில் எல்லோரும் தூங்கினார்கள்.

இருட்டியபின் ரயில் கொருக்குப்பேட்டையில் நின்றது.
'இங்கேயே இறங்கிக்கவா?'
'சென்ட்ரல்ல எண்ணிக் குடுக்கணும்மா.'
கிளம்பி, நூறடி ஊர்ந்து, மறுபடி நின்றது.
பேசின் பிரிட்ஜ் சிக்னல் இல்லையாம்.
சரியாய் என் வீட்டுக்கு எதிரே.
குதித்தால் மூணு நிமிஷம்.
லைட் எரிகிறது. திலீபன் முட்டை உடைக்கிறான்.

'இங்கயும் ஆளுங்க இருக்காங்களே' என்றாள்
அண்ணாநகர் அம்மா, கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு.
'என்ன பண்ணுவாங்க?'
'மோட்டார் போடுவாங்க' என்றேன்.
'அப்புறம்?'
'நிறுத்த மறந்துடுவாங்க.'
அவள் சிரித்தாள், ஏனென்று தெரியாமல்.

இருபத்தைந்து நிமிஷம்.
கொடியை மடித்துவைத்த ஹெரால்டும் பார்த்தான்,
பேச ஒன்றும் இல்லாததால் பார்த்தான்.
ஒரு பையன் பட்டத்தை இருட்டில் இறக்குகிறான்,
நூல் தெரியவில்லை, கை மட்டும் சுற்றுகிறது.

சென்ட்ரலில் எண்ணினார்கள். பதினேழு, நான்.
எட்டு நாற்பது லோக்கலில் ஏறி
இடப்பக்கம் உட்கார்ந்தேன்.